பூட்டிக் கிடக்கும் விடைத்தாள்கள்: தேர்வருக்கு என்ன உரிமை?

குடிமைப் பணிகளுக்கான முதன்மைத் தேர்வைத் தேர்வர்கள் ‘மெயின்ஸ்’ என்பார்கள். மத்தியப் பணியாளர் தேர்வாணையமான யூபிஎஸ்சி நடத்தும் இந்தத் தேர்வில் ஒன்பது தாள்கள். இந்திய மொழி ஒன்று, ஆங்கிலம் ஒன்று என இரண்டும் தகுதித் தாள்கள். தேறினால் போதும், மதிப்பெண் கணக்கில் சேராது. மீதி ஏழு தாள்களுக்குத் தலா 250 வீதம் 1,750 மதிப்பெண். நேர்முகத் தேர்வுக்கு 275. ஆக மொத்தம் 2,025. இறுதி முடிவு வெளியான பிறகு, எந்தத் தாளில் எவ்வளவு என்ற பட்டியலைத் தேர்வர் இணையத்தில் பார்த்துக்கொள்ளலாம். ஆனால், அந்த மதிப்பெண்ணுக்கு ஆதாரமான விடைத்தாளை, திருத்திய நிலையில் அவர் பார்க்க வழியில்லை.

பொது அறிவுத் தாள் ஒன்றை எடுத்துக்கொள்ளலாம். இருபது கேள்விகள், மூன்று மணி நேரம். கேள்விக்கு ஒன்பது நிமிடம். பத்துக் கேள்விகளுக்குத் தலா 10 மதிப்பெண், பத்துக்குத் தலா 15. பட்டியலில் அந்தத் தாளுக்கு 90 என்று இருந்தால், அது இருபது சின்னச் சின்ன எண்களின் கூட்டல். எந்தக் கேள்விக்கு 3 விழுந்தது, எதற்கு 7 விழுந்தது, ஏதாவது ஒரு விடையைத் திருத்தாமலே பக்கத்தைப் புரட்டிவிட்டார்களா, கூட்டலில் ஓர் எண் விட்டுப்போனதா என்பதெல்லாம் தாளுக்குள் இருக்கின்றன. பட்டியலில் எதுவும் இல்லை.

இந்த இழப்பு எத்தனை பேருக்கு? 2022-ஆம் ஆண்டுத் தேர்வுக்கு 11,35,697 பேர் விண்ணப்பித்தார்கள். முதல்நிலைத் தேர்வு எழுதியவர்கள் 5,73,735 பேர். அதில் மெயின்ஸுக்குத் தகுதி பெற்றவர்கள் 13,090. நேர்முகத் தேர்வு வரை போனவர்கள் 2,529. பணிக்குப் பரிந்துரைக்கப்பட்டவர்கள் 933. மெயின்ஸுக்கு வந்து நேர்முகத்துக்குப் போகாதவர்கள் மட்டும் பத்தாயிரத்துக்கும் மேல். பொதுப் பிரிவினருக்கு 32 வயது வரை ஆறு முறைதான் எழுத அனுமதி. ஒரு வாய்ப்பைக் கழித்துவிட்டு அடுத்ததற்கு உட்காரும் ஒருவர், போன முறை எங்கே சறுக்கினோம் என்பதைத் தன் தாளைப் பார்த்துத் தெரிந்துகொள்ள முடியாமல், கோச்சிங் சென்டர் ஆசிரியர்களின் யூகத்தை நம்பித்தான் படிக்கிறார்.

தமிழில் எழுதுகிறவர்களுக்கு இது இன்னும் கூர்மையான பிரச்சினை. கட்டுரையையும் பொது அறிவுத் தாள்களையும் விருப்பப் பாடத்தையும் அரசியலமைப்பின் எட்டாவது அட்டவணையில் உள்ள எந்த மொழியிலும் எழுதலாம். தமிழில் எழுதினால் மதிப்பெண் குறையுமோ என்ற அச்சம் தேர்வர்களிடையே வெகுகாலமாக இருக்கிறது. அது வெறும் அச்சமா, உண்மையா என்று சொல்ல ஒரே சான்று திருத்திய விடைத்தாள்தான். அது வெளியே வராத வரை, அந்த அச்சத்தை உறுதிசெய்யவும் முடியாது, போக்கவும் முடியாது.

<b>தாள் எப்படித் திருத்தப்படுகிறது?</b>

ஆயிரக்கணக்கான தாள்களை ஒருவரே திருத்த முடியாது. ஒரே பாடத்துக்குப் பல மதிப்பீட்டாளர்கள். அவர்களுக்கு மேலே ஒரு தலைமை மதிப்பீட்டாளர். பதிவு எண்ணை மறைத்து ரகசியக் குறியீட்டு எண் போட்ட பிறகே தாள் அவர்களிடம் போகிறது. சிலர் கறாராகத் திருத்துவார்கள், சிலர் தாராளமாகப் போடுவார்கள். கறார்க்காரரிடம் சிக்கிய தாளுக்கும் தாராளக்காரரிடம் போன தாளுக்கும் இடையே உள்ள வேறுபாட்டைச் சரிக்கட்டும் வேலைக்கு ‘மாடரேஷன்’ என்று பெயர். முதலில் எல்லோரும் கூடி, எந்த விடைக்கு எவ்வளவு என்று ஒரு தரத்தைப் பேசி முடிவு செய்கிறார்கள். பிறகு ஒவ்வொருவரும் திருத்திய தாள்களில் சிலவற்றைத் தலைமை மதிப்பீட்டாளர் எடுத்துத் திரும்பத் திருத்திப் பார்க்கிறார். ஒருவர் தொடர்ந்து குறைத்துப் போட்டிருந்தால் அவரிடம் போன தாள்களுக்குக் கூட்டப்படும். அதிகம் போட்டிருந்தால் கழிக்கப்படும். சஞ்சய் சிங் எதிர் உத்தரப் பிரதேசப் பணியாளர் தேர்வாணையம் என்ற வழக்கில் 2007-ல் உச்ச நீதிமன்றம் இந்த முறையைப் படிப்படியாக விளக்கியிருக்கிறது. அந்தத் தீர்ப்பை எழுதியவர் நீதிபதி ஆர்.வி. ரவீந்திரன்.

இதனால் தாளில் மதிப்பீட்டாளர் போட்ட எண்ணும் பட்டியலில் வரும் எண்ணும் ஒன்றாகவே இருக்க வேண்டும் என்பதில்லை. முறைகேடு எதுவும் இல்லாமலே இரண்டும் மாறுபடலாம். தாளைக் காட்ட யூபிஎஸ்சி தயங்குவதற்கு இதுவே முக்கியக் காரணம்.

<b>சட்டம் கடந்துவந்த பாதை</b>

1984-ல் மகாராஷ்டிர மாநிலத் தேர்வு வாரியம் தொடர்பான பரிதோஷ் வழக்கில், விடைத்தாளைப் பார்க்கும் உரிமை மாணவருக்குக் கிடையாது, பார்க்கக் கூடாது என்று வாரியத்தின் விதி சொன்னால் அது செல்லும் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அடுத்த இருபது ஆண்டுகளுக்கு நாட்டில் எல்லாத் தேர்வு அமைப்புகளும் அந்தத் தீர்ப்பையே காட்டிக் கதவைச் சாத்தின.

2005-ல் தகவல் அறியும் உரிமைச் சட்டம் வந்தது. அரசு அமைப்பிடம் உள்ள ஆவணத்தைப் பார்வையிடவும் நகல் பெறவும் குடிமகனுக்கு உரிமை உண்டு என்றது அது. வேறு சட்டமோ விதியோ இதற்கு முரணாக இருந்தால் இந்தச் சட்டமே மேலோங்கும் என்றது 22-ஆம் பிரிவு. அன்றைக்கு முதல்நிலைத் தேர்வில் தேறாதவருக்குத் தன் மதிப்பெண்ணைக்கூடச் சொல்லாத நிலை. 2006 முதல்நிலைத் தேர்வு எழுதியவர்கள் மதிப்பெண்ணையும் கட்-ஆஃபையும் கேட்டார்கள். மத்தியத் தகவல் ஆணையம் கொடுக்கச் சொன்னது; டெல்லி உயர் நீதிமன்றமும் 2008-ல் அதையே உறுதிசெய்தது. இன்று அந்த விவரங்களை யூபிஎஸ்சி தானே வெளியிடுகிறது.

பெரிய திருப்பம் 2011 ஆகஸ்ட் 9 அன்று வந்தது. சிபிஎஸ்இ எதிர் ஆதித்ய பந்தோபாத்யாய வழக்கு. 2008-ல் பத்தாம் வகுப்புத் தேர்வு எழுதிய ஒரு மாணவர், திருத்திய தாளைக் கேட்டதில் தொடங்கிய வழக்கு இது. தீர்ப்பை எழுதியவர் அதே நீதிபதி ரவீந்திரன். விடைத்தாள் ஓர் ஆவணம். அதில் மதிப்பீட்டாளர் போடும் மதிப்பெண் அவருடைய கருத்து. சட்டத்தின் பார்வையில் இரண்டும் ‘தகவல்’ என்றது தீர்ப்பு. ஒருவருக்காக நம்பிக்கையின் பேரில் வைத்திருக்கும் தகவலைத் தர வேண்டியதில்லை என்று 8(1)(இ) பிரிவு சொல்வதைக் காட்டி சிபிஎஸ்இ வாதாடியது. அப்படியே வைத்துக்கொண்டாலும் அந்த நம்பிக்கை மாணவரின் பொருட்டுத்தானே, அவருக்கே அவருடைய தாளை எப்படி மறுக்க முடியும் என்பது நீதிமன்றத்தின் பதில். இந்த விவாதத்தில் இதைவிட நேரான தர்க்கம் வேறில்லை.

இரண்டு வரம்புகளையும் அந்தத் தீர்ப்பே போட்டது. திருத்தியவர் யார் என்று தெரியக் கூடாது. பெயரும் கையெழுத்தும் குறியீட்டு எண்ணும் தெரிந்தால், மதிப்பெண் குறைந்த ஆத்திரத்தில் யாராவது அவரைத் தாக்கக்கூடும். அதனால் அந்தப் பகுதிகளை மறைத்துவிட்டு மீதியைக் கொடுக்க வேண்டும். அடுத்தது, விடைத்தாள்களை எவ்வளவு காலம் வைத்திருக்க வேண்டும் என்று அமைப்பின் விதி சொல்கிறதோ அதுவரைதான் உரிமை. சிபிஎஸ்இயில் அப்போது அது மூன்று மாதம். முறைப்படி அழித்த பிறகு கேட்டால் கிடைக்காது. அடுத்த மாதமே வந்த பட்டயக் கணக்காளர் நிறுவனம் தொடர்பான தீர்ப்பு, மதிப்பீட்டாளர்களுக்குத் தரப்படும் குறிப்புகளும் மாதிரி விடைகளும் ரகசியமாக இருக்கலாம் என்றது.

பள்ளித் தேர்வுக்குச் சொன்னது அரசுப் பணித் தேர்வுக்கும் பொருந்துமா? 2016 பிப்ரவரியில் கேரளப் பணியாளர் தேர்வாணைய வழக்கில், பொருந்தும் என்றது உச்ச நீதிமன்றம். ஸ்கேன் செய்த விடைத்தாளையும் மதிப்பெண் விவரத்தையும் தேர்வருக்குக் கொடுங்கள், திருத்தியவர் பெயரை மட்டும் கொடுக்க வேண்டாம் என்பது அதன் சாரம்.

<b>ஐந்து மாதத்தில் இரண்டு தீர்ப்புகள்</b>

பிரச்சினை அங்கே முடிந்திருக்க வேண்டும். முடியவில்லை. 2010 முதல்நிலைத் தேர்வில் தேறாத சிலர் கட்-ஆஃப், மதிப்பெண்ணைச் சரிக்கட்டிய முறை, மாதிரி விடை, எல்லாத் தேர்வர்களின் முடிவு ஆகியவற்றைக் கேட்டிருந்தார்கள். டெல்லி உயர் நீதிமன்றம் அவர்கள் பக்கம் நின்றது. 2018 பிப்ரவரி 20 அன்று, யூபிஎஸ்சி எதிர் அங்கேஷ் குமார் வழக்கில் நீதிபதிகள் ஏ.கே. கோயல், யு.யு. லலித் அமர்வு அதை ரத்து செய்தது. வெளிப்படைத்தன்மையை ஒரு பக்கமும் ரகசியம், அரசின் வளம் ஆகியவற்றை மறுபக்கமும் வைத்து எடைபோட வேண்டும், குடிமைப் பணித் தேர்வின் மதிப்பெண் விவரங்களை இயந்திரத்தனமாகக் கொடுக்கச் சொல்ல முடியாது என்றது. திருத்திய தாள்களைக் காட்டுவதில் உள்ள சிக்கல்களைப் பேசிய 2013-ஆம் ஆண்டின் பிரசாந்த் ரமேஷ் சக்கர்வார் வழக்கையும் அது ஆதாரமாகக் கொண்டது.

அதே ஆண்டு ஜூலை 16. உத்தரப் பிரதேசப் பணியாளர் தேர்வாணையத்தின் தேர்வு எழுதிய மிருதுல் மிஸ்ரா தொடர்ந்த வழக்கு. நீதிபதிகள் எஸ்.ஏ. பாப்டே, எல். நாகேஸ்வர ராவ் அமர்வு அங்கேஷ் குமார் தீர்ப்பையும் கருத்தில் எடுத்துக்கொண்டது. தேர்வர் தன் தாளைப் பார்ப்பதால் பொதுநலனுக்கோ அரசு நிர்வாகத்துக்கோ பாதிப்பு ஏதும் இல்லை, மதிப்பீட்டாளரின் அடையாளத்தை மறைப்பதற்குத்தான் 2011-லேயே வழி சொல்லியாகிவிட்டதே என்று கூறி, தாளைக் காட்ட உத்தரவிட்டது.

இரண்டுமே இரு நீதிபதிகள் அமர்வு. அதனால் இன்று தாளைக் கேட்டு விண்ணப்பிக்கும் தேர்வர் மிருதுல் மிஸ்ராவைக் காட்டுகிறார். மறுக்கும் தகவல் அலுவலர் அங்கேஷ் குமாரைக் காட்டுகிறார். மாநிலத் தேர்வாணையங்களிடம் முதல் தரப்பு பலமுறை ஜெயிக்கிறது. யூபிஎஸ்சியிடம் இரண்டாவதே நிற்கிறது.

இந்திய எல்லைக்கு வெளியே இந்தக் கேள்வி வேறு திசையில் தீர்ந்திருக்கிறது. அயர்லாந்தில் கணக்காளர் தேர்வு எழுதிய நோவாக் என்பவரின் வழக்கில், 2017 டிசம்பரில் ஐரோப்பிய ஒன்றியத்தின் நீதிமன்றம், விடைத்தாளும் அதன் ஓரத்தில் மதிப்பீட்டாளர் எழுதிய குறிப்புகளும் தேர்வரின் தனிப்பட்ட தரவுகள் என்றது. தரவு அவருடையது என்றால் கேட்கும் உரிமையும் அவருடையதே.

<b>மறுப்பதற்குச் சொல்லும் காரணங்கள்</b>

யூபிஎஸ்சி நீதிமன்றங்களில் முன்வைத்த காரணங்கள் மேலோட்டமானவை அல்ல. ஒவ்வொன்றாகப் பார்க்க வேண்டியவை. தாளில் உள்ள எண்ணுக்கும் பட்டியலில் உள்ள எண்ணுக்கும் வேறுபாடு இருந்தால் வழக்குகள் பெருகும் என்பது முதலாவது. இது நடக்கக்கூடியதே. ஆனால், மாடரேஷன் என்ற முறை ரகசியம் அல்ல. உச்ச நீதிமன்றமே எடுத்துக்காட்டுப் போட்டு விளக்கிய ஒன்று. திருத்தியபோது இவ்வளவு, சரிக்கட்டிய பிறகு இவ்வளவு என்று இரண்டு எண்களையும் தாளின் முகப்பில் எழுதிக் கொடுத்தால், பாதிச் சந்தேகம் அங்கேயே தீரும். விளக்கம் கிடைக்காதவர்தான் நீதிமன்றத்துக்குப் போகிறார்.

நல்ல பேராசிரியர்கள் திருத்த வர மாட்டார்கள் என்பது அடுத்தது. பெயரை மறைத்தால் இந்தக் கவலைக்கு இடமில்லை. கோச்சிங் சென்டர்கள் தாள்களைத் திரட்டி, இப்படி எழுதினால்தான் மதிப்பெண் என்று வார்ப்பு விடைகளை விற்கும் என்பதும் ஆணையத்தின் கவலை. ஆனால், அதிக மதிப்பெண் வாங்கியவர்களின் பயிற்சித் தேர்வு விடைகள் ஏற்கெனவே சந்தையில் சுற்றிக்கொண்டுதான் இருக்கின்றன. தன் தாளைத் தானே பார்க்க முடிந்தால், கிராமத்திலிருந்து தனியாகப் படிக்கும் பிள்ளைக்கு அந்தச் சந்தையை நம்பும் தேவை குறையும்.

வேலைப்பளு என்ற காரணம்தான் எண்களின் முன்னால் நிற்பதில்லை. 13,090 பேருக்கு ஒன்பது தாள் என்றாலும் மொத்தம் 1.2 லட்சத்தைத் தாண்டாது. தமிழ்நாட்டில் பிளஸ் டூ எழுதுகிறவர்கள் சுமார் 8 லட்சம் பேர். ஆளுக்கு ஆறு தாள் என்றால் 48 லட்சம் தாள்கள். அந்த மாணவர்கள் முடிவு வந்த சில நாட்களிலேயே விண்ணப்பித்து, விடைத்தாளின் ஸ்கேன் நகலைப் பெற்று, மறுகூட்டலா மறுமதிப்பீடா என்று முடிவு செய்கிறார்கள். மாநில அரசின் தேர்வுகள் இயக்ககம் இதைக் கல்லூரிச் சேர்க்கைக்கு முந்தைய நெருக்கடியான வாரங்களில் செய்கிறது. பதினேழு வயதுப் பிள்ளைக்குக் கிடைக்கும் உரிமை, நாட்டின் நிர்வாகத்தை நடத்தப் போட்டியிடுபவருக்கு மறுக்கப்படுவது நியாயமில்லை.

<b>தாளைத் திறந்தபோது தெரிந்தவை</b>

உத்தரப் பிரதேச நீதித்துறைப் பணிக்கான 2022-ஆம் ஆண்டு முதன்மைத் தேர்வை எழுதிய ஒருவர், தேறாததால், தகவல் உரிமைச் சட்டத்தின் கீழ் தன் ஆறு விடைத்தாள்களையும் கேட்டுப் பார்த்தார். ஆங்கிலத் தாளில் இருந்த கையெழுத்து அவருடையது அல்ல. அவர் அலகாபாத் உயர் நீதிமன்றத்துக்குப் போனார். விசாரித்த தேர்வாணையம் 2024-ல் ஒப்புக்கொண்டது: குறியீட்டு எண் போடும்போது தலா 25 தாள் கொண்ட இரண்டு கட்டுகள் மாறிவிட்டன, 50 பேரின் ஆங்கில மதிப்பெண் இடம் மாறிப்போனது. அலுவலர்கள் மீது நடவடிக்கை எடுக்கப்பட்டது, முடிவுகள் திருத்தப்பட்டன.

திருத்தியவர் இங்கே எந்தத் தவறும் செய்யவில்லை. கூட்டலும் சரி, மாடரேஷனும் சரி. தவறு நடந்தது, தாளில் குறியீட்டு எண் போடும் மேசையில். எந்தத் தலைமை மதிப்பீட்டாளர் எத்தனை முறை மறுபடி திருத்திப் பார்த்தாலும் இதைக் கண்டுபிடித்திருக்க முடியாது, ஏனென்றால் அவருக்கு யாருடைய கையெழுத்தும் தெரியாது. ‘இது என் கையெழுத்து இல்லை’ என்று சொல்லக்கூடிய ஒரே ஆள் தேர்வர். ஆணையத்தின் சரிபார்ப்பு முறைகள் எவ்வளவு கட்டுக்கோப்பாக இருந்தாலும், தேர்வரின் கண்ணுக்கு அவை மாற்றாக முடியாது.

தமிழ்நாட்டுக்கும் இதில் ஓர் அனுபவம் உண்டு. இந்த நூற்றாண்டின் தொடக்கத்தில் தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையமான டிஎன்பிஎஸ்சி நடத்திய குரூப்-1 தேர்வை எதிர்த்து, தேர்வாகாத ஒருவர் வழக்குத் தொடுத்தார். வழக்கில் விடைத்தாள்களை ஆராய்ந்தபோது, தேர்வானவர்கள் பலரது தாளில் வெவ்வேறு நிற மையும் விதிக்குப் புறம்பான குறிகளும் இருந்தது தெரிந்தது. தாள் யாருடையது என்று திருத்துபவருக்குக் காட்டிக்கொடுக்கக்கூடியவை என்பதாலேயே அத்தகைய குறிகளுக்குத் தடை. 2011-ல் சென்னை உயர் நீதிமன்றம் 83 பேரின் தேர்வை ரத்து செய்தது. 2014-ல் உச்ச நீதிமன்றம் அதை உறுதிசெய்தது. தேர்வு நடந்து பத்தாண்டுகளுக்குப் பிறகு, பதவியில் இருந்தவர்கள் மீது விழுந்த தீர்ப்பு அது. தாள்கள் தொடக்கத்திலேயே திறந்திருந்தால் இரு தரப்பின் பத்தாண்டுகளும் மிஞ்சியிருக்கும்.

<b>பார்ப்பது வேறு, மறுமதிப்பீடு வேறு</b>

இரண்டையும் ஒன்றாகக் குழப்பிக்கொள்வது தேர்வர்களிடமும் உண்டு, அலுவலகங்களிலும் உண்டு. தாளைப் பார்க்கும் உரிமை தகவல் சட்டத்திலிருந்து வருவது. மறுமதிப்பீடு அந்தத் தேர்வின் விதியில் இருந்தால் மட்டுமே உண்டு. ரண் விஜய் சிங் வழக்கில் 2017 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது: விதியில் இல்லாதபோது மறுமதிப்பீடு கேட்க முடியாது, நீதிமன்றமே பேனாவை எடுத்துத் தாள் திருத்தக் கூடாது, வெளிப்படையான தவறு இருந்தால் மட்டும், அதுவும் அரிதாகத் தலையிடலாம். ஆகவே, ‘இந்த விடைக்கு 6 போதாது, 8 போட்டிருக்க வேண்டும்’ என்ற வாதம் எங்கும் எடுபடாது. திருத்தாமல் விட்ட விடை, கூட்டல் பிழை, மாறிய தாள் ஆகியவையே எடுபடும். தாளைக் காட்டினால் எல்லோரும் மதிப்பெண்ணுக்குச் சண்டைக்கு வருவார்கள் என்ற பயம், இந்த வேறுபாட்டைக் கவனித்தால் பெரிதும் குறைந்துவிடும்.

<b>கேட்கும் முறை</b>

தேர்வு நடைமுறை முழுவதும் முடிந்த பிறகு கேட்பதே நல்லது. டிஎன்பிஎஸ்சி தன் அறிவுரைகளிலேயே, விடைத்தாள் கோரிக்கைகளைத் தெரிவு முழுமையாக முடிந்த பின்னரே ஏற்போம் என்கிறது. அதற்காக வெகுநாள் விட்டுவிடவும் கூடாது. தாள்களை வைத்திருக்கும் காலம் முடிந்துவிட்டால் ஒன்றும் செய்ய முடியாது. விண்ணப்பக் கட்டணம் 10 ரூபாய். மத்திய அரசு விதிப்படி நகல் பக்கத்துக்கு 2 ரூபாய். நேரில் பார்வையிட முதல் ஒரு மணி நேரம் இலவசம், அதற்கு மேல் மணிக்கு 5 ரூபாய். தகவல் சட்டத்தின் கீழ் கேட்டால் அந்தச் சட்டத்தின் கட்டணமே பொருந்தும் என்று, விடைத்தாளுக்கு 500 ரூபாய் கேட்ட கம்பெனிச் செயலர் நிறுவனம் தொடர்பான வழக்கில் 2019-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

விண்ணப்பத்தில் தன் பதிவு எண், தாளின் பெயர், தேர்வு ஆண்டு ஆகியவற்றைக் குறித்து, தன்னுடைய தாளை மட்டும் கேட்க வேண்டும். மதிப்பீட்டாளர் விவரங்களை மறைத்துத் தரலாம் என்று விண்ணப்பதாரரே எழுதிவிட்டால், மறுப்பதற்கான முதல் காரணம் போய்விடும். மாதிரி விடை, மற்றவர்களின் தாள் ஆகியவற்றையும் சேர்த்துக் கேட்டால் மொத்த விண்ணப்பமும் சிக்கிக்கொள்ளும். பொதுத் தகவல் அலுவலர் 30 நாளில் பதில் தர வேண்டும். மறுத்தால் 30 நாளுக்குள் அதே அமைப்பின் மேல் அதிகாரியிடம் முதல் மேல்முறையீடு. அதிலும் திருப்தியில்லை என்றால் 90 நாளுக்குள் தகவல் ஆணையம். காரணமின்றி இழுத்தடித்த அலுவலருக்கு நாளொன்றுக்கு 250 ரூபாய் வீதம், 25,000 ரூபாய் வரை அபராதம் உண்டு.

முதல்நிலைத் தேர்வில் ஒரு மாற்றம் வந்திருக்கிறது. இறுதி முடிவு வெளியாகும் வரை விடைக்குறிப்பைத் தருவதில்லை என்று இருந்த யூபிஎஸ்சி, தேர்வு முடிந்ததும் உத்தேச விடைக்குறிப்பை வெளியிட்டு ஆட்சேபங்களைக் கேட்கப் போவதாக 2025 அக்டோபரில் உச்ச நீதிமன்றத்தில் தெரிவித்தது. ஒவ்வோர் ஆட்சேபத்துக்கும் மூன்று ஆதாரங்கள் காட்ட வேண்டும். டிஎன்பிஎஸ்சி இதைப் பல ஆண்டுகளாகச் செய்துவருகிறது. உத்தேச விடை வெளிவந்ததால் தேர்வு முறை குலைந்துவிடவில்லை. தப்பான கேள்விகள் நீக்கப்பட்டதுதான் மிச்சம்.

மெயின்ஸ் தாள்களுக்கு அப்படி எதுவும் இன்னும் வரவில்லை. அதற்கு நாடாளுமன்றம் புதிதாகச் சட்டம் இயற்ற வேண்டிய தேவை இல்லை. விதியோ நடைமுறையோ தாளைத் தரச் சொன்னால் அதை நடைமுறைப்படுத்தலாம் என்று அங்கேஷ் குமார் தீர்ப்பே ஒரு வாசலை விட்டுவைத்திருக்கிறது. குடிமைப் பணித் தேர்வின் விதிகளை ஒவ்வோர் ஆண்டும் மத்தியப் பணியாளர் துறை அரசிதழில் புதிதாக வெளியிடுகிறது. இறுதி முடிவுக்குப் பிறகு இத்தனை நாளுக்குள், மதிப்பீட்டாளர் அடையாளத்தை மறைத்த விடைத்தாளைத் தேர்வர் தன் பதிவு எண்ணைக் கொண்டு பதிவிறக்கிக்கொள்ளலாம் என்ற ஒரு விதியை அந்த அறிவிப்பில் சேர்த்தால் போதும்.